மாமாவுக்கு அடித்த மேளம்

இன்று கோயிலில் தேவாரம் பாடி முடிந்து நிற்கையில், வெயிலில் காயவைத்த தவிலின் தோல் மணம், நாங்கள் புலம்பெயர்ந்து வந்த பிரெஞ்சு பேசும் நகரின் வில்லரே பகுதியில், இப்போது இல்லாத எங்கள் வீட்டின் பேஸ்மென்ட்டுக்கு என்னைக் கொண்டுபோனது. அங்கே வாடகைக்கு இருந்த, கியூபாவிலிருந்து வந்த கறுப்பின மேள வாத்தியார் ஒருவர், விரல்களில் பிளாஸ்டர் சுற்றி, களைக்கக் களைக்கப் பிள்ளைகளுக்கு மேளம் பழக்குவார். ஊரில் மாமா சுடப்பட்டுச் செத்த சேதி அறிந்ததும், எங்களுக்காக மேளங்களை மூடிவைத்து, பிள்ளைகளைத் தங்கள் முழங்காலில் தட்டிப் பழக வைத்தார். அழாமலே வேலைக்குப் போய்வந்த அம்மா, துடக்குக் கழிக்கும் முப்பத்தோராம் நாள் என்னைக் கூட்டிக்கொண்டு கீழே இறங்கினார்.

"என்ர தம்பியைப் பறைகூட அடிக்காம எரிச்சுப்போட்டினம். ஒருக்கா அடிக்கச் சொல்லு, பிள்ளை."

வாத்தியாரிடம் பள்ளிக்கூடப் பிரெஞ்சில் சொன்னேன். அவர் சப்பாத்தைக் கழற்றிவிட்டு மேளத்தை எடுத்தார். எவ்வளவு நேரம் அடிக்க என்று கேட்டார்.

அம்மா படியில் குந்தினார். "நான் அழுது முடியுமட்டும்."