மியூரியல் காதில் விழுந்தது

மியூரியல் கோமோ படப்பிடிப்புப் பக்கமே தலைவைக்க மாட்டாள். கனடாவின் ஹாலிஃபாக்ஸில் ஆவணப்படம் எடுக்கும் எங்களுக்கெல்லாம் அவள்தான் எடிட்டர். உள்ளூர் டிவியில் வானிலைச் செய்தியை வெட்டி ஒட்டத் தொடங்கியவள். பாதி ஆயுள் ஜன்னலில்லாத எடிட்டிங் அறையிலேயே போயிற்று. "ஆளை நேர்ல பாத்தா பாசம் வந்துடும். அப்புறம் வெட்டக் கை வராது," என்பாள். நான் எடுத்துவரும் காட்சிகளைப் பார்த்துவிட்டு, "இதுக்கா பெட்ரோல் போட்டுக்கிட்டுப் போன?" என்று மானத்தை வாங்குவாள். என்ன செய்வது, அவளை விட்டால் எனக்கு வேறு கதியில்லை.

சிங்கி இறால் பிடிக்கும் ஹார்வியைப் பற்றிய படத்தை முடித்தோம். மனைவி ஆர்லீனைப் பறிகொடுத்தபின் தனியாகக் கடலுக்குப் போகிறவர். எங்கள் வழக்கப்படி படத்தை முதலில் அவர் ஊரிலேயே, தீயணைப்பு நிலையக் கூடத்தில் போட ஏற்பாடு. அவர் வேண்டாமென்றால் படம் வெளியே வராது. அப்படித்தான் வாக்குக் கொடுத்திருந்தேன்.

"இந்த மனுஷனை மட்டும் பாக்கணும்போல இருக்கு," என்று மியூரியலும் கிளம்பிவிட்டாள். மாதக்கணக்கில் திரையில் பார்த்த முகமல்லவா? உள்ளே நுழைந்ததும் நேரே போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"படகை வித்துட்டீங்களா, ஹார்வி?"

அவர் முகம் மாறிவிட்டது. "யாரும்மா நீ? அதை நான் யார்கிட்டயும் சொல்லலையே. கொட்டகைல தனியா நின்னு ஆர்லீன்கிட்டதான் சொன்னேன்."

எனக்கு அப்போதுதான் விளங்கியது: கொட்டகையில் படமெடுத்த அன்று கேமராவை நிறுத்தியபின் அவர் சட்டையிலிருந்த மைக்கை யாரும் கழற்றவில்லை. அப்படிப் பதிவாவதெல்லாம் எடிட்டர் காதில்தான் விழும்; அதை வெளியே சொல்லாமல் இருப்பதுதான் அவர்கள் தொழிலின் மரியாதை. அடிப்பாவி, இத்தனை காலம் காத்த வாயை இங்கேயா திறக்க வேண்டும்?

"படத்துல இருக்கா?" என்றார் ஹார்வி.

"இல்ல. வெட்டி எடுத்துட்டேன். இவனுக்கே தெரியாது," என்று என்னைக் காட்டினாள். "மன்னிச்சிடுங்க."

"விக்கட்டுமான்னு அவகிட்ட கேட்டேன். கிறுக்கன்னு நெனச்சிருப்ப."

"இல்லைங்க. கேட்டுட்டு நீங்க பேசாம நின்னீங்கல்ல? நானும் பதிவை நிறுத்தாம ஓடவிட்டேன். அவங்க ஏதாவது சொல்லுவாங்களோன்னு காத்துக்கிட்டு இருந்தேன்."

ஹார்வி பக்கத்து நாற்காலியில் கிடந்த தன் கோட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

"உக்காரு," என்றார் அவளிடம். என் பக்கம் திரும்பி, "படத்தைப் போடுப்பா," என்றார்.