ஜோடி அவிழும் கிரகணம்

பத்தாவது வரை படித்தவன் நான். நாலு பேர் கூடிய இடத்தில் வாய் திறக்கவே கூசுகிறவன் பேனாவை எடுத்துக்கொண்டு உங்கள் நேரத்தைக் கேட்பது அதிகப்பிரசங்கித்தனம்தான். பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஆம்பூரில் தோல் பதனிடும் ஒரு ஷாப்பில் எனக்கு வேலை. ஈரத்தோலைச் சட்டத்தில் இழுத்து, ஓரமெல்லாம் கிளிப் போட்டுக் காயவைப்போம். என் மனைவி ஷூ கம்பெனியில் ஜோடி சேர்க்கும் மேசையில் இருக்கிறாள். தைத்து வரும் ஷூ மேல்தோல்களில் இடதையும் வலதையும் நிறம் பார்த்து, சுருக்கம் பார்த்து, நூலால் சேர்த்துக் கட்டும் வேலை. பையன் ஓசூருக்கு வேலைக்குப் போன பிறகு வீட்டில் நாங்கள் இருவர்தான். அவள் பேசுவாள், நான் 'உம்' என்பேன்.

கொஞ்ச நாளாக அவளும் பேச்சைக் குறைத்திருந்தாள். சாயந்திரமானால் துணி எடுக்கப் போகிறேன் என்று போனோடு மொட்டை மாடிக்குப் போவாள். கொடியில் நாலு துணிதான் இருக்கும், இறங்கி வர வெகுநேரமாகும். வரும்போது முகம் மட்டும் தெளிவாக இருக்கும். அந்தத் தெளிவு எனக்குச் சரியாகப் படவில்லை.

ஒருநாள் செருப்பைக் கழற்றிவிட்டுப் பாதிப் படி ஏறி நின்றேன். தணிந்த குரலில் பேசிக்கொண்டிருந்தாள்.

"இது ஜோடியே இல்ல. ரெண்டும் வேற வேற தோலு. யாரோ அவசரத்துல கட்டிட்டாங்க. கிரகணத்தன்னிக்கு அவுத்துடணும். அன்னிக்கு அவுத்தா பாவம் இல்ல."

கம்பெனிப் பேச்சாக இருக்கும் என்று முதலில் நினைத்தேன். ஆனால் ஷூவை அவிழ்க்கக் கிரகணம் எதற்கு, அதில் பாவம் எங்கே வந்தது? சத்தமில்லாமல் இறங்கி டிவி முன்னால் உட்கார்ந்தேன். வரும் ஞாயிற்றுக்கிழமை சந்திர கிரகணம் என்று அதில் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

மறுநாள் இரண்டு தோலைக் கிழித்துவிட்டேன். பக்கத்துச் சட்டத்தில் வேலை செய்யும் பாய் பார்த்தார்.

"இன்னா தோஸ்த்து, கிரகணம் நிலாவுக்குத்தானே? உன் மூஞ்சிய ஏன் முன்னாடியே புடிச்சிடுச்சி?"

"ஒண்ணுமில்ல பாய். கொஞ்சம் பேஜார்."

"வீட்லயா?"

நான் கிளிப்பைத் தேடுவதுபோல் குனிந்துகொண்டேன்.

சனிக்கிழமை சோறு போடும்போது அவளே ஆரம்பித்தாள். "நாளைக்கு சாயந்திரம் வீட்லதான் இருப்பீங்களா?"

"ஓ.டி. இருக்குது," என்றேன். அப்படி எதுவும் இல்லை. அவள் தலையை ஆட்டிக்கொண்டு ரசம் ஊற்றினாள். சந்தோஷப்பட்டாளா வருத்தப்பட்டாளா என்று பார்த்தேன், பிடிபடவில்லை.

ஞாயிறு மதியம் கிளம்பி பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்திருந்தேன். அவள் பையோடு வந்தால் அந்த வழியாகத்தான் வர வேண்டும். வரவில்லை. பொழுது சாயும்போது வீட்டுக்குத் திரும்பினேன். கதவு திறந்திருந்தது, ஆள் இல்லை. மாடிக்கு ஏறினேன். அவள் தனியாகத்தான் நின்றிருந்தாள், போனை வாயருகே பிடித்தபடி. மலைக்கு மேலே நிலா வரும்போதே பாதி கறுத்திருந்தது.

"யார்கிட்ட பேசற?"

கையைக் காட்டி இருக்கச் சொன்னாள். பேசி முடித்துப் போனை இறக்கினாள்.

"யார்கிட்டயும் இல்ல. கதை. கம்பெனி பஸ் பொம்பளைங்க வாட்ஸ்அப் குரூப்ல பேசிப் போடறேன். போறப்ப வர்றப்ப கேப்பாங்க."

"இன்னா கதை?"

அவளாகவே கட்டிய ஒரு தேசமாம். அங்கே இரண்டு நிலா. இடது நிலாவில் பிறந்தவர்களையும் வலது நிலாவில் பிறந்தவர்களையும் கோயில்காரர்கள் ஜோடி பார்த்து மணிக்கட்டில் நூல் கட்டிவிடுவார்கள். பிடிக்கிறதோ இல்லையோ, அறுக்கக் கூடாது. ஒரு ஆயுசுக்கு ஒரே தடவை ஒரு நிலா இன்னொன்றை முழுசாக மூடும். அது சாமி கண்ணை மூடிக்கொள்கிற நேரம். அப்போது அவிழ்த்தால் குற்றமில்லை. இருக்க நினைக்கிற ஜோடி மட்டும், இரண்டு பேரும் வாய்விட்டு 'கட்டு இருக்கட்டும்' என்று சொல்ல வேண்டும்.

"சொல்லலன்னா?"

"சும்மா இருந்தா அவுந்த மாதிரிதான்."

"கதையில அந்த ஆளு எப்படி?"

"இன்னா கேட்டாலும் உம்முன்னு சொல்ற ஆளு."

"நானா?"

"பஸ்ல ஒவ்வொருத்தியும் இது எங்க வீட்டுக்காரரான்னுதான் கேக்குறா," என்றாள். சிரிக்கவில்லை.

"அவ போயிடுறாளா?"

"இன்னும் முடிவு பண்ணல. அதுக்குத்தான் நீங்க இருப்பீங்களான்னு கேட்டேன். ஓ.டி.ன்னுட்டீங்க."

கதை என்று தெரிந்த பிறகும் எனக்குச் சந்தேகம் விடவில்லை. இல்லாத தேசத்துக்காக ஒருத்தி இவ்வளவு யோசிப்பாளா? நிலாவில் மீதியிருந்த கறுப்பும் வெளுத்துக்கொண்டு வந்தது. கிரகணம் விடுகிற நேரம்.

"இருக்கட்டும்," என்றேன்.

"எது இருக்கட்டும்?"

"கட்டு."

என்னை ஒரு தடவை பார்த்தாள். பிறகு கொடியிலிருந்து துணிகளை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டாள்.

"குளிச்சிட்டு வாங்க. உலை வைக்கணும்."

தன் பங்குக்கு அவள் சொல்லவில்லை. இறங்கும்போதும் சொல்லவில்லை, சாப்பிடும்போதும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

மறுநாள் காலை கம்பெனி பஸ்ஸில் வேலைக்குப் போனாள். சாயந்திரம் திரும்பி வந்தாள்.