மைக்ரோவேவில் வெந்த சூப்

தோர்கில் எஸ்பியர் துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ஓய்வு பெற்றவர். எவ்வளவு பெரிய பாரத்தையும் தூக்கிவைப்பார், அடுப்படிப் பக்கம் மட்டும் தலைவைத்துப் படுத்ததில்லை. அது மனைவி யூட்டேயின் ராஜ்ஜியம். சாப்பிட்டு எழும்போது, அந்த ஊரில் எல்லாரும் சொல்வதுபோல, "சாப்பாட்டுக்கு நன்றி" என்பார். சமைத்தவள் "உடம்புல ஒட்டட்டும்" என்பாள். சண்டை போட்ட நாளில்கூட இது தவறியதில்லை.

இப்போது யூட்டே ஆஸ்பத்திரியில் கிடந்தாள். வயிற்றில் புற்று. சாப்பாட்டைக் கண்டாலே முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"எதுக்காவது ஆசையா இருக்கா? சொல்லு."

"கோழி சூப்பு. யாரு வைப்பா, நீயா?" என்று சிரித்தாள். பாவி மனுஷி, அந்த நிலையிலும் குத்தல் போகவில்லை!

அவருக்கு ரோஷம் வந்துவிட்டது. ஒரு வாயாவது அவளைக் குடிக்க வைத்துவிட வேண்டும். அடுப்பில் எந்தக் குமிழைத் திருகுவது என்றே தெரியாது. தெரிந்தது மைக்ரோவேவ் ஒன்றுதான். கோழித்தொடை, காரட், வெங்காயம் எல்லாவற்றையும் கண்ணாடிப் பாத்திரத்தில் போட்டுத் தண்ணீர் ஊற்றினார். மூடியை இறுக்கியதில் முதல் தடவை உள்ளே வெடித்துச் சிதறியது. திட்டிக்கொண்டே துடைத்தார். மறுபடி வைத்து, மூடியைச் சாய்த்துவிட்டு, எடுத்து எடுத்துக் கிளறினார். கறி எலும்பை விட்டுக் கழன்றபோது மனுஷனுக்குக் கண் கலங்கிவிட்டது. பாதியைப் பிளாஸ்கில் ஊற்றிக்கொண்டார். மீதியை ஃப்ரீசரில் வைத்தார்.

"எதுல வச்ச?" என்று கேட்டாள் யூட்டே.

"மைக்ரோவேவ்ல."

"அடக் கடவுளே! வெளிய சொல்லிடாத, என் மானம் போயிடும்."

ஆனாலும் வாயைத் திறந்தாள். நாலைந்து கரண்டி இறங்கியது.

"உப்பு தூக்கல்" என்றாள். கண்ணை மூடிக்கொண்டாள். அப்புறம், "சாப்பாட்டுக்கு நன்றி, தோர்கில்" என்றாள்.

தோர்கில் திகைத்துப்போனார். ஆயுசு முழுக்க நன்றி சொல்லித்தான் பழக்கம், யாரும் அவருக்குச் சொன்னதில்லை. பதில் தெரியும், ஆனால் வாயைத் திறந்தால் அழுதுவிடுவார்போல இருந்தது. நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று அவள் கையைத் தடவிக்கொடுத்துவிட்டு எழுந்து வந்தார்.

விடிவதற்குள் யூட்டே போய்விட்டாள்.

அடக்கம் முடிந்து வீட்டுக்கு வந்தவர் ஃப்ரீசரில் இருந்த சூப்பைச் சுடவைத்துக் குடித்தார். அவள் சொன்னது சரிதான், உப்பு தூக்கல். கிண்ணத்தை வைத்துவிட்டு, பழக்கதோஷம், அடுப்படிப் பக்கம் திரும்பி "சாப்பாட்டுக்கு நன்றி" என்றார்.

அங்கே யார் இருக்கிறார்கள் பதில் சொல்ல? எழுந்து போய்க் கிண்ணத்தைக் கழுவிக் கவிழ்த்தார்.

"உடம்புல ஒட்டட்டும், யூட்டே" என்றார்.