வெறுங்காலால் அடித்த கோல்

பழைய புத்தகக் கடையில் அந்த ஜப்பானிய உதைபந்தாட்டச் சித்திரக்கதையின் கடைசிப் பாகத்தைக் கண்டதும் விரித்து முகர்ந்தேன். அதே மை மணம்! சின்ன வயதில், இந்தப் பனிநாட்டில் நாங்கள் முதலில் இருந்த ஹவுகன்ஸ்டுவா வீட்டில் அம்மா மிளகாய் வறுப்பா. புகை போக ஜன்னல் திறந்திருக்கும். பனிக்குளிருக்குப் போர்வைக்குள் புகுந்து, நூலகத்தில் இரவல் எடுத்த இதே பாகத்தை நான் படித்துக்கொண்டிருப்பேன்.

கடைசிப் பக்கத்தைப் புரட்டினேன். பந்து அந்தரத்தில் நிற்கிறது. கீழே ஓவியரின் குறிப்பு: கை வலிக்கிறது, இனி என்னால் வரைய முடியாது.

அப்ப கோல் எங்கே? எனக்கு நல்ல ஞாபகம். கடைசி நிமிடத்தில் இறங்கிய பெடியன் வெறுங்காலால் அடிப்பான், வலை கிழியும். அந்த ஒரு பக்கத்துக்காகத்தானே இத்தனை வருசமாய் இந்த ஓவியரைத் தலையில் தூக்கிவைத்து ஆடுகிறேன்!

துரொண்ட்ஹெய்மில் இருக்கும் அக்காவுக்குப் போன் எடுத்தேன்.

"விசரி, கதைக்கு முடிவில்லையெண்டு அப்ப நீ ரெண்டு நாளாய்ச் சாப்பிடேல்லை. அப்பாதான் ஒரு தாளில கோல் படம் கீறி புத்தகத்துக்குள்ளை வச்சவர். அவர் ஊரில வெறுங்காலோடதானே விளையாடினவர்."

அப்பாவா? பேருந்து கழுவிவிட்டு வந்து, உள்ளங்கைச் சீனியை நக்கி நக்கி ஒரு வார்த்தை பேசாமல் தேத்தண்ணி குடிக்கிற அப்பாவா? அவருக்கே போன் எடுத்துக் கேட்டேன்.

"ஓம் பிள்ளை, நான்தான் கீறினனான். கதை எனக்குத் தெரியாது. நீ அழுதனீ, ஒரு கோலைப் போட்டுவிட்டனான்." கொஞ்சம் யோசித்தார். "அந்தப் பெடியன்ர ஆக்கள் கடைசியில வெண்டவையோ?"

கையிலிருந்த பக்கத்தில் பந்து இன்னும் அந்தரத்திலேயே நின்றது.