ரசீதில்லாமல் கொடுத்த எண்ணூறு ரூபாய்

டயகமவில் கால் ஏக்கர் காணிக்கு எண்ணூறு ரூபாய் முற்பணம் கொடுத்தேன். அங்கே குடியேறிவிடலாம் என்ற நம்பிக்கையில் தேயிலைத் தோட்ட வேலையையும் விட்டேன். வேலையோடு தோட்டம் குடியிருக்கக் கொடுத்திருந்த லயத்துக் காம்பிராவும் கைவிட்டுப் போனது. காணி உறுதிப் பத்திரம் எழுதப் போனபோதுதான் காணி ஏற்கெனவே அடகில் இருப்பது தெரிந்தது.

பணத்தைக் கேட்டால் விற்றவர், "எப்பக் குடுத்த?" என்றார். நான் ரசீது வாங்கியிருக்கவில்லை. நுவரெலியா கோர்ட்டில் வழக்குப் போட்டு, தவணை தவணையாக அலைந்தேன். குடும்பத்தில் ஐந்து பேரும் தங்கையின் ஒற்றைக் காம்பிராவில் முடங்கிக் கிடந்தோம்.

வேறு சாட்சி இல்லாததால் என் மனைவியே கூண்டில் ஏறினாள்.

"அவுங்க வீட்டுலதாங்க குடுத்தோம். அவுங்க சம்சாரந்தான் எண்ணி வாங்குனாங்க. அந்தா உக்காந்திருக்காங்க, கேளுங்க."

கேட்டார்கள். அந்த அம்மாவால் பொய் சொல்ல முடியவில்லை.

பணம் திரும்பியது, வேலை திரும்பவில்லை. இன்னும் தங்கை வீட்டில்தான் இருக்கிறோம். காணிப் பதிவுக் கந்தோரில் அடகு இருக்கிறதா என்று பார்க்காமல், ரசீது வாங்காமல், இப்போது யாருக்கும் ஒரு சதம் கொடுப்பதில்லை.