ஒருமுறை பாடிய வரி

எர்னஸ்டின் ஸ்டுடியோ கண்ணாடிக்கு இந்தப் பக்கம், நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தாள். அந்தப் பக்கம் அவள் கணவர் லூஷியஸ் டார்வர் தொப்பியைக் கழற்றாமல் பியானோ முன்னால் இருந்தார். வயது எழுபத்து மூன்று. பதினேழு வயதில் மிசிசிப்பியிலிருந்து ரயிலேறி சிகாகோ வந்தவர். பகலெல்லாம் இறைச்சிக் கூடத்தில் மாடு அறுத்துவிட்டு, பொழுது சாய்ந்தால் தெற்குப் பக்க மதுக்கடைகளில் பியானோவில் ப்ளூஸ் இசை வாசிப்பார். ஊரார் ஆல்பங்களில் எல்லாம் அவர் விரல் உண்டு. சொந்தப் பெயரில் ஒன்று இப்போதுதான் வாய்த்திருக்கிறது.

அது கைநழுவிவிடுமோ என்றுதான் எர்னஸ்டினுக்குப் பயம். போன மாதம் லூஷியஸ் பஸ்ஸை விட்டு இறங்கி, பதினோரு வருஷத்துக்கு முன்னால் காலி செய்த வீட்டின் மணியை அடித்துக்கொண்டு நின்றார். இவள் போய்க் கூட்டி வந்தாள். யாரிடமும் மூச்சு விடவில்லை. தயாரிப்பாளர் கெஸ்லர் காதுக்குப் போனால் அன்றைக்கே கடையைக் கட்டிவிடுவார்.

முதல் பாட்டை லூஷியஸ் காலையில் வந்த பஸ்ஸை வைத்தே கட்டினார். ஹீட்டர் ஓடாதது, ஓட்டுநருக்கு மூக்கு ஒழுகியது, எல்லாம் பாட்டில் வந்தது. நடுவில் பேஸ் கிட்டார் வாசிக்கும் பழைய கூட்டாளி அமோஸைப் பார்த்து, "சிரிக்காதடா அமோஸ், உன் மூக்கும் அப்படித்தான் ஒழுகுது" என்று ஒரு சீண்டல். அமோஸ் குலுங்கிச் சிரித்தார். எல்லாம் சரி, ட்ரம்ஸில்தான் ஏதோ கரகரப்பு.

"இதையே இன்னொரு தடவை பாடுங்க ஐயா. அதே வார்த்தை. ரெண்டையும் வெட்டி ஒட்டிக்கிறேன்" என்றார் கெஸ்லர்.

இரண்டாம் முறை பாடியதில் பஸ்ஸையே காணோம். அதற்குப் பதில் பாதிரியார் ஒருவர் மூன்றாவது கோழித் துண்டுக்குக் கை நீட்டிக்கொண்டிருந்தார். கெஸ்லர் உள்ளே கேட்கும் மைக்கை அணைக்காமலே எர்னஸ்டின் பக்கம் திரும்பினார்.

"என்னம்மா, இவருக்கு மறதி உண்டா?"

உள்ளேயிருந்து அமோஸ்தான் மைக்கில் பதில் சொன்னார்: "மறதியெல்லாம் இல்ல தம்பி. அண்ணன் ஒருதடவை பாடினத மறுதடவை பாடினதா சரித்திரமே கிடையாது. வேணும்னா அண்ணியக் கேளு."

உண்மைதான். கல்யாணத்துக்கு முன்னால் அவளுடைய மஞ்சள் தொப்பியைப் பற்றி லூஷியஸ் ஒரு மதுக்கடையில் நாலு வரி பாடினார். அதை இன்னொரு முறை கேட்கத்தான் அவள் ஐந்து மாதம் வெள்ளிக்கிழமை தவறாமல் அந்தக் கடைக்குப் போனாள். வரவேயில்லை. அவரையே கட்டிக்கொண்டு நாற்பது வருஷமாகக் கேட்டும் பார்த்துவிட்டாள். "அது அன்னிக்கு உள்ளது, போயிடுச்சு" என்பார்.

அதனால் அமோஸ் சொன்னதும் அவளுக்கும் மூச்சு வந்தது. ஆனால் முழுதாக வரவில்லை. பாடினதைப் பாடின கையோடு விட்டுவிடுகிற மனுஷனுக்கு மறதி வந்தால் எப்படிக் கண்டுபிடிப்பது? கட்டியவளுக்கே பிடிபடவில்லையே.

மதியம் பொரித்த மீனும் ரொட்டியும் வந்தன. லூஷியஸ் மீன்மேல் மிளகாய்ச் சாற்றைக் கவிழ்த்துக்கொண்டு சாப்பிட்டார். எர்னஸ்டின் தன் பங்கை அமோஸ் பக்கம் நகர்த்தினாள்.

"வார்த்தை எதுவா இருந்தாலும் பரவாயில்ல, பாடுங்க ஐயா" என்று கெஸ்லர் மறுபடி பதிவைத் தொடங்கினார்.

பஸ் வந்தது. ஹீட்டர் ஓடவில்லை. ஓட்டுநருக்கு மூக்கு ஒழுகியது. "சிரிக்காதடா அமோஸ், உன் மூக்கும் அப்படித்தான் ஒழுகுது" என்றார் லூஷியஸ், அதே இடத்தில். அமோஸ் சிரிக்கவில்லை.

பாட்டு முடிந்ததும் கெஸ்லர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். "வார்த்தைக்கு வார்த்தை அதே. பாத்தீங்களாம்மா, மனசு வெச்சா முடியுது."

அமோஸ் பேஸ் கம்பிகளை உள்ளங்கையால் அழுத்திக்கொண்டு கண்ணாடி வழியே அவளைப் பார்த்தார். அவள் குனிந்துகொண்டாள்.

லூஷியஸ் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே வெளியே வந்தார். முகத்தில் அவ்வளவு சந்தோஷம்.

"எப்படி இருந்துச்சு எர்னஸ்டின்? முதல் தடவையிலேயே கச்சிதமா விழுந்துடுச்சு, இல்ல?"

அவள் எழுந்து அவர் சட்டைக் காலரைச் சரிசெய்தாள்.

"ஆமா. முதல் தடவையிலேயே."