ஆர்மோனியத்தின் சாட்சி

எந்த நடிகரைப் பார்த்தாலும் "அது எந்த வருஷம்?" என்று துளைத்தெடுப்பதால், இசை நாடகக்காரர்கள் அவளுக்கு வைத்த பெயர் தேதிக்காரி. அவள் தலை தெரிந்தாலே பலர் ஒப்பனை அறைக்குள் நழுவிவிடுவார்கள். நாடகக் குழுக்களின் வரலாற்றை எழுதுவதுதான் அவள் வேலை.

பேரில்லாத பழைய ஒலிநாடா எந்தக் குழுவினுடையது என்று கண்டுபிடிப்பதில் அவள் கெட்டிக்காரி. பாடுகிறவன் தொண்டை ஒருநாள் கட்டும், ஒருநாள் கரகரக்கும். அதை நம்ப மாட்டாள். பின்னால் ஒலிக்கும் ஆர்மோனியத்தைக் கேட்பாள். ஒவ்வொரு குழுவின் ஆர்மோனியப் பெட்டியிலும் ஏதாவது ஒரு கட்டை மக்கர் பண்ணும். அப்பா பாடிய குழுவின் பெட்டியில் மேல் பஞ்சமம் மூக்கடைத்த மாதிரி இருக்கும். அதை வைத்துத்தான், தான் கைக்குழந்தையாக இருந்தபோதே இறந்துபோன அப்பாவின் குரலை ஒரு நாடாவில் கண்டுபிடித்தாள். அவளுடைய முதல் புத்தகமே அதைப் பற்றியதுதான். பேரும் புகழும் வந்தன. அம்மா தினமும் சாயங்காலம் அந்த நாடாவோடு உட்கார ஆரம்பித்தாள்.

புதிய பதிப்புக்காக அலைந்தபோது, அந்தப் பெட்டியை வாசித்த கிழவரே அகப்பட்டார். ஒரு வருஷம் அப்பாவின் குழு படுத்துவிட்டதாம். பெட்டியை எதிர்க்குழு இரவல் வாங்கிக்கொண்டதாம். நாடாவைப் போட்டதும், பாடுவது எதிர்க்குழுவின் கதாநாயகன் என்று சாதாரணமாகச் சொன்னார். அந்த ஆளின் வேறு பாட்டுகளைத் தேடிப்பிடித்து ஒப்பிட்டாள். சந்தேகமே இல்லை, அதே குரல்.

குழுக்கள் திரைச்சீலை முதல் கிரீடம்வரை இரவல் வாங்கியே காலம் தள்ளியதைப் பக்கம் பக்கமாக எழுதியவள் அவள். ஆர்மோனியமும் இரவல் போகும் என்று மட்டும் தோன்றவே இல்லை. அடுத்தவர் புத்தகத்தில் இதில் பாதித் தப்பைக் கண்டாலே கிழிகிழியென்று கிழித்திருப்பாள்.

புத்தகத்தைத் திருத்துவது பெரிய விஷயமில்லை, நாலு பேர் சிரிப்பார்கள், அவ்வளவுதான். அம்மாவிடம் எப்படிச் சொல்வது? சொல்லாவிட்டால் அந்தக் கிழவி தினமும் எவனோ ஒருவன் பாட்டுக்குக் கண்ணை மூடி உட்கார்ந்திருப்பாள். பல நாள் மென்று விழுங்கியபின், ஒரு சாயங்காலம் சொல்லிவிட்டாள்.

"அம்மா, அது அப்பா இல்ல. நான்தான் தப்பா சொல்லிட்டேன்."

அம்மா நாடாவை நிறுத்தினாள். கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை என்றிருந்தது தேதிக்காரிக்கு.

"நீ கொண்டுவந்த அன்னிக்கே சொன்னேனே, இது அவர் மாதிரி இல்லையேன்னு. ஆர்மோனியம் பொய் சொல்லாதுன்னு நீதான் அடிச்சுப் பேசினே. படிச்சவ சொல்றியேன்னு நம்பினேன்."

தேதிக்காரி நாடாவை எடுக்கக் கை நீட்டினாள்.

"அப்ப அவர் குரல் என் காதுல இருந்துச்சுடி. இதைக் கேட்டுக் கேட்டு அது போயிடுச்சு. இப்ப அவரை நினைச்சா இந்த ஆள்தான் பாடுறான்."